பிரிட்டிஷ் நகைச்சுவை நடிகை ஜூன் விட்ஃபீல்டை எங்கிருந்து தொடங்குவது?

முதலில் காதால் கேளுங்கள். 1953-ல் இவர் சேர்ந்த பிபிசி வானொலி நிகழ்ச்சி 'டேக் இட் ஃப்ரம் ஹியர்'. அதில் 'எத்' என்ற பெண்ணாக வந்து, மந்தமான காதலனை "ஓ, ரான்!" என்று இழுத்துக் கூப்பிடுவார். அந்த இழுப்பிலேயே கல்யாணம் தள்ளிப்போகும் சலிப்பு முழுக்கத் தெரியும். இரண்டு முறை கேட்டாலும் தப்பில்லை.

அப்புறம் 1961-ல் நகைச்சுவை நடிகர் டோனி ஹான்காக் ரத்ததானம் செய்யப்போகும் தொலைக்காட்சிப் பகுதி. நர்ஸ் இவர்தான். ஹான்காக்கை விட்டுவிட்டு இவர் முகத்தையே கவனியுங்கள். சிரிப்பை அவருக்கு எப்படி எடுத்துக் கொடுக்கிறார் என்று புரியும்.

1979 முதல் 1987 வரை ஓடிய 'டெர்ரி அண்ட் ஜூன்' தொலைக்காட்சித் தொடரில் ஓரிரு பகுதிகள் போதும், என்னைக் கேட்டால். சாதுவான மனைவி வேடம்.

அதைப் பார்த்த கையோடு 1992-ல் தொடங்கிய 'அப்சலூட்லி ஃபேபுலஸ்' தொடரைப் போடுங்கள். அதே சாதுக் குரலில் மகளைக் குத்திக்காட்டும் அம்மா!