கான்ட்டின் சோதனையைச் செய்து பார்ப்பது எப்படி

ஒரு செயலைச் செய்யலாமா கூடாதா என்பதைப் பகுத்தறிவால் தீர்மானிக்க முடியும் என்றார் ஜெர்மன் தத்துவ அறிஞர் இம்மானுவேல் கான்ட். அதற்கான சோதனை, 1785-இல் வெளிவந்த ‘ஒழுக்க மெய்யியலின் அடித்தளம்’ என்னும் சிறு நூலில் இருக்கிறது. பலர் அதை ‘எல்லாரும் இப்படிச் செய்தால் என்ன ஆகும்?’ என்ற ஒற்றைக் கேள்வியாகச் சுருக்கிவிடுகிறார்கள். அப்படிச் சுருக்கினால் தவறான விடைதான் வரும். நோட்டும் பேனாவும் எடுத்துக்கொண்டு ஏதாவது ஒரு செயலைக் கடைசிவரை சோதித்துப் பாருங்கள். எந்த இடத்தில் கை நழுவுகிறது என்பது அப்போது பிடிபடும்.

நூல் வாங்குவதானால், ஓரத்தில் அகாதமிப் பதிப்பின் (கான்ட்டின் எழுத்துகளைத் தொகுத்த ஜெர்மன் பதிப்பு) பக்க எண்கள் (387 முதல் 463 வரை) அச்சான மொழிபெயர்ப்பாகப் பார்த்து வாங்குங்கள். இங்கே தரும் எண்கள் அவையே. முன்னுரையைப் பிறகு படித்துக்கொள்ளலாம்; 393-இல் தொடங்குங்கள்.

செயல்விதியை எழுதுவது

நாம் சோதிப்பது வெறும் செயலை அல்ல, அதைச் செய்யும்போது நமக்கு நாமே சொல்லிக்கொள்ளும் விதியை. அதில் மூன்று உறுப்புகள் இருக்க வேண்டும்: எந்தச் சூழலில், என்ன செய்கிறேன், எதற்காக. ‘வேலை தேவைப்படும்போது, அதைப் பெறுவதற்காக, இல்லாத அனுபவத்துக்குச் சான்றிதழ் காட்டுவேன்’ என்பதை எடுத்துக்கொள்வோம். ‘எதற்காக’ என்பதை விட்டுவிடாதீர்கள். 397-இல் வரும் கடைக்காரர் சிறு பிள்ளையிடம்கூட அதிக விலை வாங்குவதில்லை. நேர்மைக்காகவும் அப்படி நடக்கலாம், வியாபாரம் கெடாமல் இருக்கவும் நடக்கலாம். வெளியே ஒரே செயல். உள்ளே இரண்டு விதிகள்.

அடுத்து, விதியைச் செதுக்க வேண்டும். பெரும்பாலான தவறுகள் இந்த இடத்தில்தான் நடக்கின்றன. தப்பிக்க நினைப்பவர் ‘32 வயதில், செவ்வாய்க்கிழமை, இன்ன நிறுவனத்தில் மட்டும் பொய்ச் சான்றிதழ் காட்டுவேன்’ என்று எழுதுவார். அதை உலகமே பின்பற்றினாலும் ஒன்றும் குலையாது. சோதனையில் சுலபமாகத் தேறிவிடும். எனவே ஒவ்வொரு விவரத்தையும் விரலால் மறைத்துக்கொண்டு, ‘இது இல்லாவிட்டாலும் இதைச் செய்வேனா?’ என்று கேளுங்கள். புதன்கிழமையாக இருந்தாலும் செய்வீர்கள் என்றால், செவ்வாயை அடித்துவிடுங்கள். உங்கள் காரணத்தில் உண்மையிலேயே பங்குள்ளவை மட்டும் மிஞ்ச வேண்டும்.

குற்றமற்ற செயல் தோற்றுப்போகும் குழப்பத்தையும் இதே செதுக்கல் தீர்க்கும். ‘கூட்டம் இருக்காது என்பதால் காலை 6 மணிக்குச் சந்தைக்குப் போவேன்’ என்பதை எல்லாரும் பின்பற்றினால் 6 மணிக்கே நெரிசல் வந்துவிடும். அதனால் அது தவறாகிவிடுமா? 6 மணி என்பது உங்கள் காரணமே இல்லை. ‘கூட்டம் குறைந்த நேரத்தில் போவேன்’ என்று திருத்துங்கள். எல்லாரும் அப்படிச் செய்தால் கூட்டம் நாள் முழுக்கப் பரவும், அவ்வளவுதான்.

உலகத்துக்கே விதியாக்குவது

இப்போது அந்த விதி ஓர் இயற்கைச் சட்டம்போல எல்லாரையும் இயக்குகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள் (421). வேலை வேண்டிய ஒவ்வொருவரும் பொய்ச் சான்றிதழ் காட்டுகிறார்கள். அது எல்லாருக்கும் தெரியும். அந்த உலகத்தில் எந்த மேலாளரும் அனுபவச் சான்றிதழைப் பிரித்துக்கூடப் பார்க்க மாட்டார். ஆனால் உங்கள் திட்டம் பலிக்க அவர் அதை நம்பியாக வேண்டும். நம்பிக்கையின் மேல் நின்றுகொண்டே அந்த நம்பிக்கையை இல்லாமல் செய்யும் விதி இது. கடனைத் திருப்பித் தர முடியாது என்று தெரிந்தே வாக்குக் கொடுப்பவரைப் பற்றி 422-இல் கான்ட் காட்டும் முரணும் இதே வகைதான்.

‘அப்படிப்பட்ட உலகம் மோசமாக இருக்கும், அதனால் செய்யக் கூடாது’ என்று எழுதினீர்களானால் நீங்கள் விளைவை எடைபோடத் தொடங்கிவிட்டீர்கள். அது வேறு தத்துவம். இங்கே தேடுவது, உங்கள் விருப்பமே தன்னோடு மோதிக்கொள்ளும் இடத்தை.

இந்த வகை முரண் இல்லாவிட்டால் சோதனை முடிந்துவிட்டதாக எண்ண வேண்டாம். ‘பிறர் துன்பத்தில் தலையிட மாட்டேன்’ என்ற விதி எல்லாருக்கும் பொதுவாகிவிட்ட உலகத்தைக் கற்பனை செய்ய முடியும்; அது நடக்கக்கூடியதுதான். ஆனால் எப்போதோ ஒரு நாள் உதவி தேவைப்படும் மனிதராக இருந்துகொண்டு அதை உங்களால் விரும்ப முடியாது (423). முதல் வகையில் தோற்பது கண்டிப்பான கடமையை மீறுகிறது. இரண்டாம் வகையில் தோற்பது, எவ்வளவு, எப்போது, யாருக்கு என்று தேர்ந்தெடுக்க இடம் தரும் கடமையை மீறுகிறது.

மனிதரை வைத்துச் சரிபார்ப்பது

429-இல் உள்ள வாய்பாட்டைத் தனியாக ஒருமுறை ஓட்டிப் பாருங்கள்: மனிதத்தன்மையை ஒருபோதும் கருவியாக மட்டும் நடத்தாமல், எப்போதும் நோக்கமாகவும் நடத்து. ‘மட்டும்’, ‘உம்’ இரண்டையும் அடிக்கோடிடுங்கள். ஆட்டோ ஓட்டுநரை நாம் கருவியாகப் பயன்படுத்துகிறோம். கூலி பேசி அவரும் சம்மதிக்கிறார், அதில் குற்றமில்லை. பொய்ச் சான்றிதழைப் பார்க்கும் மேலாளரால் சம்மதிக்கவே முடியாது, ஏனென்றால் எதற்குச் சம்மதிக்கிறார் என்பதே அவரிடமிருந்து மறைக்கப்பட்டிருக்கிறது. ‘பிறர் உனக்கு எதைச் செய்யக் கூடாது என்று விரும்புகிறாயோ அதைப் பிறருக்குச் செய்யாதே’ என்பதும் இதுவும் ஒன்றல்ல. அந்தப் பொன்மொழியை வைத்துக் குற்றவாளி நீதிபதியிடமே வாதாடலாம் என்று 430-இன் அடிக்குறிப்பு சொல்கிறது.

சுதந்திரம் எங்கே வருகிறது

தமிழில் படிப்பவர்கள் மூன்று சொற்களில் கவனமாக இருக்க வேண்டும். நூலின் முதல் பகுதியில் வரும் ‘நல்ல சித்தம்’ (சித்தம் என்பது செயலைத் தீர்மானிக்கும் மன ஆற்றல்) வெறும் நல்லெண்ணம் அல்ல. தன்னால் முடிந்த எல்லா வழிகளையும் திரட்டி முயல்வது அது (394). ‘கடமை’ என்றதும் கீதை நினைவுக்கு வரும். கான்ட்டின் கடமை பிறப்பாலோ தொழிலாலோ வருவதில்லை, பகுத்தறிவுள்ள எல்லாருக்கும் ஒன்றே. ‘தன்னாட்சி’ என்ற சொல்லோ நமக்குக் கைகொடுக்கிறது. தன்னாட்சிக் கல்லூரி தன் பாடத்திட்டத்தைத் தானே வகுத்து அதன்படியே நடப்பதுபோல, சித்தம் தனக்கான சட்டத்தைத் தானே வகுத்துக் கட்டுப்படுகிறது.

அறிவு உணர்ச்சிகளின் அடிமை என்று ஸ்காட்லாந்துத் தத்துவ அறிஞர் டேவிட் ஹியூம் 1739-இல் எழுதியிருந்தார். ஆசை இலக்கைக் காட்டும், அறிவு வழியை மட்டும் தேடித் தரும் என்பது அவர் கணக்கு. ஆசை இழுத்த பக்கம் போவது கான்ட்டுக்குச் சுதந்திரமே அல்ல. நோட்டில் நீங்கள் செய்த சோதனையில், வேலை மீதுள்ள ஆசையை ஒதுக்கி வைத்து அறிவே தீர்ப்புச் சொன்னது. அந்தத் தீர்ப்புப்படி நடக்க முடிவதைத்தான் அவர் சுதந்திரம் என்கிறார். சுதந்திரமான சித்தமும் ஒழுக்கச் சட்டத்துக்கு உட்பட்ட சித்தமும் ஒன்றே என்கிறது 447.

மூன்றாம் பகுதியில் சுதந்திரத்துக்கு நிரூபணம் தேடி ஏமாறாதீர்கள். 450-இல் தன் வாதம் வட்டமடிக்கிறதோ என்று கான்ட்டே ஐயப்படுகிறார். 1788-இல் வந்த ‘நடைமுறைப் பகுத்தறிவின் விமர்சனம்’ நூலில் திசை மாறுகிறது. பொய்ச் சாட்சி சொல்லாவிட்டால் தூக்கு என்று அரசன் மிரட்டினாலும், மறுக்க முடியும் என்பதை ஒருவன் ஒப்புக்கொள்வான். மறுக்க வேண்டும் என்ற உணர்விலிருந்தே தன் சுதந்திரத்தை அறிகிறான் என்கிறார்.

அப்படியானால் தவறு செய்பவன் சுதந்திரமாகச் செய்யவில்லையா, அவனை எப்படிக் குறை சொல்வது? ஆங்கிலேயத் தத்துவ அறிஞர் ஹென்றி சிட்விக் 1888-இல் எழுப்பிய இந்தக் கேள்வியை நோட்டின் கடைசியில் எழுதி வையுங்கள். விடைக்கான குறிப்பைத் தேடி 1797-இல் வந்த ‘ஒழுக்கங்களின் மெய்யியல்’ நூலைத் திறந்தால், சட்டம் வகுக்கும் சித்தத்தையும் தேர்ந்தெடுக்கும் சித்தத்தையும் கான்ட் அதன் முன்னுரைப் பகுதியிலேயே பிரித்து வைத்திருப்பதைப் பார்க்கலாம்.