மீன்தொட்டிச் செடிகளுக்குக் கார்பன் டை ஆக்சைடு: கீழக்கரைத் தண்ணீரில் அளவு பிடிக்கும் முறை

செடி வளர்க்கும் தொட்டிக்குப் புதிதாக வாயு கொடுப்பவர்கள் முதலில் கேட்பது, நிமிடத்துக்கு எத்தனை குமிழி விட வேண்டும் என்பதுதான். குமிழியின் பருமன் கருவிக்குக் கருவி மாறுவதால் அதற்குப் பொதுவான விடை கிடையாது; தண்ணீரில் எவ்வளவு கரைந்து நிற்கிறது என்பதே கணக்கு. லிட்டருக்கு 20 முதல் 30 மில்லிகிராம் வரை பெரும்பாலான செடிகளுக்குப் போதும். கோடையில் தொட்டித் தண்ணீர் 30 டிகிரி செல்சியசைத் தாண்டும் நம் கடற்கரையில், சூடான நீரில் ஆக்சிஜன் குறைவாகவே கரையும் என்பதால், 20-ஐ ஒட்டி நிறுத்திக்கொள்வது நல்லது என்பது என் கருத்து.

முதல் வேலை, தண்ணீரின் கார்பனேட் கடினத்தன்மையை, அதாவது அதில் கரைந்துள்ள கார்பனேட், பைகார்பனேட்டுகளைக் காட்டும் கே.எச். அளவை, சொட்டு மருந்துச் சோதனையால் அறிவது. உவர்ப்பு வேறு, கே.எச். வேறு, நாக்கில் கரிக்காத தண்ணீரிலும் கே.எச். மிகுந்திருக்கலாம். எங்கள் ஆழ்துளைக் கிணற்றுத் தண்ணீரில் 12 டிகிரி கே.எச். காட்டியது, கூடவே உப்பும் இருந்தது. ஆகவே இப்போது குளோரின் நீக்கிய காவிரிக் குழாய்த் தண்ணீரையும், சேமித்த மழைநீரையும் கலந்து ஊற்றுகிறேன்.

அடுத்து, சிலிண்டரை வெயில் படாத இடத்தில் நிமிர்த்தி வைத்து, ரெகுலேட்டர் (வாயு அழுத்தத்தைக் குறைப்பது), சோலனாய்டு வால்வு (மின்சாரத்தால் திறந்து மூடுவது), நீடில் வால்வு (வாயுவை நுண்ணளவில் கூட்டிக் குறைப்பது), குமிழி எண்ணும் குப்பி, செக் வால்வு (தண்ணீர் குழாயில் திரும்பி ஏறாமல் தடுப்பது), டிப்யூசர் (வாயுவை நுண்குமிழிகளாகத் தண்ணீரில் விடுவது) ஆகியவற்றை வரிசையாக இணைக்கவும். மூட்டுகளில் சோப்பு நுரை தடவிக் கசிவு பார்க்கவும். உப்புக் காற்று திருகுகளை அரிக்கும் ஊர் என்பதால் இதை மாதந்தோறும் செய்ய வேண்டும்.

இனி, அளவு காட்டும் ட்ராப் செக்கர். நான் பிழை செய்த இடமும் இதுதான். அந்தச் சிறு கண்ணாடிக் குமிழுக்குள் 4 டிகிரி கே.எச். கொண்ட கரைசலையும், வாயுவின் அளவுக்கேற்ப நிறம் மாறும் புரோமோதைமால் நீலச் சொட்டுகளையும் விட வேண்டும். நான் தொட்டித் தண்ணீரையே ஊற்றிவிட்டேன். 4 டிகிரிக் கரைசல் இளம்பச்சையாகும்போது தொட்டியில் சுமார் 30 மில்லிகிராம் வாயு இருக்கும். நான் ஊற்றிய 12 டிகிரிக் கிணற்றுத் தண்ணீர் அதே பச்சைக்கு வர ஏறக்குறைய 90 மில்லிகிராம் தேவை. நிறம் நீலமாகவே நின்றதால் நான் வால்வைத் திறந்துகொண்டே போக, மாலையில் மீன்கள் எல்லாம் மேலே வந்து வாய் பிளந்து நின்றன. கரைசலைக் கடையில் ஆயத்தமாக வாங்குவதே மேல்.

செக்கரை டிப்யூசருக்கு எதிர்ப்பக்கம் ஒட்டவும். 60 லிட்டர் தொட்டியானால் இரண்டு வினாடிக்கு ஒரு குமிழி என்று தொடங்கி, நாளுக்குச் சிறிதாகக் கூட்டவும். நிறம் மாற ஒன்றிரண்டு மணி நேரம் ஆகும் என்பதால், பார்த்த உடனே வால்வைத் திருகக் கூடாது. நீலம் குறைவு, மஞ்சள் ஆபத்து, கரும்பச்சையில் நிறுத்தவும்.

விளக்கு எரிவதற்கு ஒரு மணி நேரம் முன்பே வாயு திறந்து, அணைவதற்கு ஒரு மணி நேரம் முன்பே நிற்குமாறு டைமரை அமைக்கவும். இருட்டில் செடிகளும் ஆக்சிஜனையே எடுத்துக்கொள்ளும். மின்சாரம் போனால் சோலனாய்டு தானே மூடிக்கொள்ளும். அது இல்லாத தொட்டியில் பில்டர் நின்ற பிறகும் வாயு இறங்கிக்கொண்டே இருக்கும். மீன் மேலே வந்து திணறினால் வாயுவை நிறுத்தி, காற்று மோட்டாரைப் போட்டு, மூன்றில் ஒரு பங்கு தண்ணீரை மாற்றவும்.

செலவைக் குறைக்கச் சிலர் சர்க்கரையும் ஈஸ்டும் கலந்த பாட்டிலை வைக்கிறார்கள். சுண்ணாம்பு தடவாத பானையில் இறங்கிய பதநீர் பொழுது ஏறுவதற்குள் பொங்குவதுபோல, நம் வெயிலில் அதுவும் முதல் சில நாட்களிலேயே பொங்கித் தீர்ந்துவிடும். இரவில் அதை நிறுத்தவும் வழியில்லை. அப்படி வைப்பவர்கள் இரவெல்லாம் காற்று மோட்டாரை ஓட விட வேண்டும்.