பால் ஜாயிண்ட் ரப்பர் கவர் கிழிந்துவிட்டதா? நீங்களே பார்த்து மாற்றுவது எப்படி

முன்சக்கரத்துக்குப் பின்னால் டார்ச் அடித்துப் பாருங்கள். சக்கரத்தைப் பாடியோடு இணைக்கும் கீழ்க்கை போன்ற லோயர் ஆர்மும், சக்கரம் மாட்டியிருக்கும் நக்கிளும் சேரும் இடத்தில் கவிழ்த்து வைத்த சின்னக் கிண்ணம் மாதிரி ஒரு கறுப்பு ரப்பர் தெரியும். அதே மாதிரி இன்னொன்று, கொஞ்சம் சிறியது, ஸ்டியரிங்கிலிருந்து வரும் டை ராடின் முனையில் இருக்கும். டஸ்ட் கவர், பூட், ரப்பர் தொப்பி என்று ஆளுக்கொரு பெயர் சொல்வார்கள். ஆயில் மாற்றுவதை நினைவில் வைத்திருக்கும் நாம் இதைக் குனிந்து பார்ப்பதே இல்லை. ஆனால் அது மூடியிருக்கும் பால் ஜாயிண்ட் எத்தனை வருடம் உழைக்கும் என்பது பெரும்பாலும் இந்த ரப்பரின் கையில்தான் இருக்கிறது.

உள்ளே இருப்பது வழவழப்பான ஓர் உருக்குக் குண்டு, அது உட்கார ஒரு குழி, நடுவே கிரீஸ். நம் தோள்மூட்டு எப்படியோ அப்படித்தான். சக்கரம் பள்ளத்தில் இறங்கி ஏறும்போதும் ஸ்டியரிங் திரும்பும்போதும் குண்டு அந்தக் குழிக்குள் புரள்கிறது. ரப்பரில் சின்னக் கீறல் விழுந்தாலும் போதும், தண்ணீரும் மண்ணும் உள்ளே போய் கிரீஸோடு கலந்து, உப்புத்தாள் வைத்துத் தேய்ப்பது போல குண்டை அரைக்க ஆரம்பித்துவிடும். அப்புறம் துரு, அப்புறம் ஆட்டம். ஆட்டம் முற்றினால் ஒரு நாள் குண்டு குழியை விட்டே வெளியே வந்துவிடும். லோயர் பால் ஜாயிண்டில் அப்படி நடந்தால் சக்கரம் மடிந்து சாய்ந்துவிடும், கார் நம் கட்டுப்பாட்டில் இருக்காது. அதனால்தான் இந்தச் சின்ன ரப்பரைப் பற்றி இவ்வளவு நீளமாக எழுதுகிறேன்.

முதலில் பார்வை

சமதளத்தில் காரை நிறுத்தி, ஸ்டியரிங்கை ஒரு பக்கம் முழுதாகத் திருப்புங்கள். சக்கரத்தைக் கழற்றாமலே டை ராட் முனை நன்றாகத் தெரியும். லோயர் பால் ஜாயிண்டின் அடிப்பக்கம் கண்ணுக்குப் படாது, செல்போன் கேமராவை உள்ளே நீட்டி வீடியோ எடுத்துப் பார்ப்பது சுலபம். மேலே ஒட்டியிருக்கும் சேற்றைத் துணியால் துடைத்துவிட்டுப் பாருங்கள், ஏனென்றால் சேற்றுக்கு அடியில்தான் வெடிப்பு ஒளிந்திருக்கும். ரப்பரை விரலால் அழுத்தி, மடிப்புகளைப் பிரித்துப் பாருங்கள். மேலாக மயிரிழை வெடிப்புகள் மட்டும் என்றால் ரப்பருக்கு வயதாகிவிட்டது என்று அர்த்தம், இன்னும் கொஞ்ச நாள் தாங்கும், ஆனால் அடிக்கடி பார்த்துக்கொள்ள வேண்டும். அழுத்தும்போது வெடிப்பு வாய் பிளந்தாலோ, சுற்றிலும் கிரீஸ் பிசுபிசுத்தாலோ கிழிந்துவிட்டது. ரப்பர் முழுதாக இருந்தும் அதன் வாய் இருக்க வேண்டிய பள்ளத்தை விட்டு நழுவியிருக்கலாம், அதையும் கவனியுங்கள்.

இங்கே புதியவர்கள் குழம்பும் ஓர் இடம் உண்டு. ஆக்ஸிலில், அதாவது சக்கரத்தைச் சுழற்றும் தண்டில், அக்கார்டியன் மாதிரி மடிப்பு மடிப்பாக ஒரு பெரிய ரப்பர் இருக்கும். அது சிவி ஜாயிண்ட் பூட், அது வேறு வேலை. அது கிழிந்தால் தண்டு சுழலும் வேகத்தில் கிரீஸ் சக்கரத்தின் உட்புறமெல்லாம் தெறித்திருக்கும். பால் ஜாயிண்ட் கவர் கிழிந்தால் கிரீஸ் பெரும்பாலும் அந்த இடத்திலேயே கசிந்து மண்ணோடு கட்டியாகிக் கிடக்கும்.

கவர் வாங்குவதற்கு முன்னால் ஜாயிண்டைச் சோதியுங்கள்

இந்தப் பதிவில் ஒரு பகுதியை மட்டும்தான் படிப்பேன் என்றால் இதைப் படியுங்கள். கவர் மாற்றுவது நல்ல ஜாயிண்டைக் காப்பாற்றத்தான். தேய்ந்த ஜாயிண்டுக்குப் புதுக் கவர் போட்டால் உள்ளே போன மண்ணைப் பூட்டி வைத்த மாதிரி ஆகிவிடும். என் முதல் காரில் நான் அதைத்தான் செய்தேன். கவர் புதிதாகப் பளபளத்தது, சில வாரங்களிலேயே பள்ளத்தில் இறங்கும்போதெல்லாம் 'டொக் டொக்' என்று சத்தம் வர ஆரம்பித்தது. கழற்றிப் பார்த்தால் கிரீஸ் இருக்க வேண்டிய இடத்தில் பழுப்பு நிறத் துருத் தண்ணீர். அன்றிலிருந்து ஆட்டம் பார்க்காமல் கவரைத் தொடுவதில்லை.

ஆட்டம் பார்ப்பது இப்படி. ஹேண்ட் பிரேக் போட்டு, பின்சக்கரங்களுக்கு முட்டுக் கொடுத்து, முன்பக்கத்தை ஜாக்கியில் தூக்கி, ஸ்டாண்டில் இறக்குங்கள். பெரும்பாலான சின்னக் கார்களில் இருக்கும் மெக்பெர்சன் ஸ்ட்ரட் அமைப்பில் பாடியில் ஸ்டாண்ட் கொடுத்து சக்கரத்தைத் தொங்கவிட்டால் போதும், லோயர் பால் ஜாயிண்ட் மேல் ஸ்பிரிங்கின் பாரம் வராது. ஸ்பிரிங் லோயர் ஆர்ம் மேலேயே உட்கார்ந்திருக்கும் இரட்டை ஆர்ம் அமைப்பில் மட்டும் ஆர்முக்கு அடியில், ஜாயிண்டுக்குப் பக்கமாக, தாங்கல் கொடுக்க வேண்டும். இல்லையென்றால் ஸ்பிரிங்கே ஜாயிண்டை இறுக்கிப் பிடித்துக்கொண்டு ஆட்டத்தைக் காட்டாது.

சக்கரத்தைக் கடிகார முகமாக நினைத்துக்கொள்ளுங்கள். 12 மணியிலும் 6 மணியிலும் கை வைத்து உள்ளே வெளியே ஆட்டினால் தெரிவது பால் ஜாயிண்டின் அல்லது வீல் பேரிங்கின் ஆட்டம். 3 மணியிலும் 9 மணியிலும் ஆட்டினால் தெரிவது டை ராட் முனையின் ஆட்டம். அசையும்போது இன்னொருவர் அந்த ஜாயிண்ட் மேல் விரலை வைத்திருந்தால் 'டிக்' என்பது கையில் உறைக்கும், கண்ணை விட விரல் நம்பகமானது. பேரிங்கா ஜாயிண்டா என்று சந்தேகம் வந்தால் உதவியாளரை பிரேக்கை மிதிக்கச் சொல்லி மறுபடி ஆட்டுங்கள். ஆட்டம் மறைந்துவிட்டால் பேரிங், மறையாவிட்டால் ஜாயிண்ட் பக்கம் பாருங்கள். கடைசியாக டயருக்கு அடியில் ஒரு நீளக் கம்பியை விட்டு மேல்நோக்கி நெம்பிப் பாருங்கள், மேலும் கீழுமான ஆட்டம் இருந்தால் அதில் தெரிந்துவிடும்.

ஆட்டம் கொஞ்சம் தெரிந்தாலும் கவர் யோசனையை விட்டுவிட்டு ஜாயிண்டையே மாற்றுங்கள். ஆட்டம் இல்லை, கவர் கிழிந்து அதிக நாளும் ஆகவில்லை, வெளியே எட்டிப் பார்க்கும் கிரீஸ் இன்னும் வழவழப்பாக இருக்கிறது என்றால் கவர் மட்டும் மாற்றலாம்.

அளவும் சாமானும்

உங்கள் கார் மாடலுக்கான கவரே கிடைத்தால் அதை வாங்குங்கள். சில கார்களில் கவர் தனியாக விற்பதே இல்லை, ஜாயிண்டோடோ முழு ஆர்மோடோதான் வரும். பொதுவான கவர் வாங்குவதென்றால் மூன்று அளவுகளை வெர்னியரில் எடுத்துக்கொண்டு போங்கள்: குண்டிலிருந்து வெளியே நீளும் தண்டைப் பிடிக்கும் சின்ன வாயின் விட்டம், ஜாயிண்ட் உடலைப் பிடிக்கும் பெரிய வாயின் விட்டம், உயரம். உயரம் குறைந்தால் ஸ்டியரிங் முழுதாகத் திரும்பும்போது ரப்பர் இழுபட்டுக் கிழியும், அதிகமானால் மடிப்பு நடுவில் சிக்கிக் கடிபடும்.

ஜாக்கி, ஸ்டாண்ட், வீல் ஸ்பேனர், பாக்ஸ் ஸ்பேனர் செட், டார்க் ரென்ச் (சொன்ன அளவுக்கு மட்டும் இறுக்க உதவும் ஸ்பேனர்), துரு இளக்கும் ஸ்பிரே, வயர் பிரஷ், சுத்தமான துணி, என்எல்ஜிஐ 2 தரமுள்ள (கிரீஸின் கெட்டித்தன்மையைச் சொல்லும் எண்) லித்தியம் கிரீஸ், நட் கழலாமல் தடுக்கும் புது ஸ்பிளிட் பின் அல்லது புது லாக் நட். இவற்றோடு கட்டாயம் ஒரு பால் ஜாயிண்ட் புல்லர், அதாவது திருகி இறுக்கினால் தண்டை அழுத்தி வெளியே தள்ளும் கருவி. கவட்டை மாதிரி இரண்டு பல் உள்ள கருவி ஒன்று உண்டு, அதை நடுவில் விட்டு அடித்தால் ஜாயிண்ட் சீக்கிரம் கழன்றுவிடும், ஆனால் ரப்பரையும் கிழித்துவிடும். அதை வாங்க வேண்டாம். பழைய கவர் எப்படியும் போகப்போவதுதானே என்று தோன்றும், ஆனால் அது ஜாயிண்டின் உதட்டையும் சிதைத்துவிட்டால் புதுக் கவர் சரியாக உட்காராது.

முதல் தடவை செய்பவர்கள் டை ராட் முனையில் ஆரம்பியுங்கள். லோயர் பால் ஜாயிண்டை விட எட்டும் இடத்தில் இருக்கிறது, பாரமும் இல்லை.

கழற்றுதல்

வீல் நட்டுகளைத் தரையில் இருக்கும்போதே அரைச் சுற்று தளர்த்திவிட்டு, காரைத் தூக்கி, ஸ்டாண்டில் நிறுத்தி, சக்கரத்தைக் கழற்றுங்கள். வெறும் ஜாக்கியை நம்பி காருக்கு அடியில் கையோ தலையோ போகக் கூடாது. கழற்றிய சக்கரத்தை பாடிக்கு அடியில் படுக்கப் போட்டு வைப்பது என் பழக்கம், ஸ்டாண்ட் நழுவினாலும் கார் முழுதாகத் தரைக்கு வராது.

நட்டின் மேல் ஸ்பிரே அடித்துச் சிறிது நேரம் ஊறவிடுங்கள். ஸ்பிளிட் பின்னை நிமிர்த்தி உருவி, நட்டைத் தளர்த்துங்கள், ஆனால் முழுதாக எடுக்காதீர்கள். இரண்டு மூன்று மரை பிடித்திருக்கட்டும், ஏனென்றால் நக்கிளுக்குள் இறுகியிருக்கும் தண்டின் கூம்பு விடுபடும் நொடியில் பாகங்கள் படாரென்று துள்ளும். சில சமயம் நட்டோடு தண்டும் சேர்ந்து சுற்றும். அப்போது தண்டின் முனையில் ஆலன் கீ போடும் குழி இருக்கிறதா பாருங்கள், இல்லையென்றால் ஜாயிண்டுக்கு அடியில் ஜாக்கியை மெதுவாக முட்டுக் கொடுங்கள், கூம்பு தன் குழியில் இறுகி தண்டைப் பிடித்துக்கொள்ளும்.

அப்புறம் புல்லரை மாட்டி இறுக்குங்கள். 'டக்' என்ற சத்தத்தோடு விடுபடும், முகத்தை நேரே வைத்திருக்காதீர்கள். விடவில்லை என்றால் புல்லரை இறுக்கியபடியே விட்டுவிட்டு, நக்கிளில் தண்டு நுழையும் கண்ணின் பக்கவாட்டில் சுத்தியலால் இரண்டு உறுதியான அடி கொடுங்கள். தண்டின் முனையில் அடிக்கவே கூடாது, மரை மழுங்கிவிடும். நக்கிள் அலுமினியம் என்றால் சுத்தியலை எடுக்காமல் புல்லரை மட்டும் நம்புங்கள்.

எல்லாக் கார்களிலும் கூம்பு இருக்காது. சிலவற்றில் லோயர் பால் ஜாயிண்டின் தண்டு நக்கிளில் நேராக நுழைந்து, குறுக்கே ஒரு போல்ட் அதை நெருக்கிப் பிடித்திருக்கும். தண்டில் அந்த போல்ட்டுக்கென்று ஒரு பள்ளம் உண்டு, அதனால் போல்ட்டைத் தளர்த்தினால் போதாது, முழுதாக உருவ வேண்டும். லோயர் ஜாயிண்ட் கழன்றதும் நக்கிளை வெளியே ரொம்ப இழுக்காதீர்கள், ஆக்ஸிலின் உள்பக்க ஜாயிண்ட் கழன்றுவிடும், பிரேக் ஹோஸும் ஏபிஎஸ் வயரும் இழுபடும்.

டை ராட் முனையில் ஒரு நிம்மதி, கவர் மாற்ற அதை டை ராடிலிருந்து திருகி எடுக்கத் தேவையில்லை. மரையைத் தொடாதவரை சக்கரங்களின் அலைன்மென்ட் மாறாது.

சுத்தம், கிரீஸ், புதுக் கவர்

பெரிய வாயைப் பிடித்திருக்கும் கம்பி வளையத்தைச் சின்ன ஸ்குரூ டிரைவரால் நெம்பி எடுத்து, பழைய ரப்பரை உருவுங்கள். இப்போதுதான் உண்மையான தீர்ப்பு. பழைய கிரீஸை வெள்ளைத் துணியில் வழித்துப் பாருங்கள், விரல்களுக்கு நடுவில் தேய்த்துப் பாருங்கள். நறநறவென்று மணல் தட்டினாலோ, துரு நிறம் தெரிந்தாலோ, தண்டைக் கையால் சுழற்றும்போது தொளதொளவென்று ஆடினாலோ, ஓர் இடத்தில் மாட்டி மாட்டி நகர்ந்தாலோ, இங்கேயே நிறுத்திவிட்டுப் புது ஜாயிண்ட் வாங்குங்கள். இவ்வளவு தூரம் கழற்றிய பிறகு மனசு வராதுதான், ஆனாலும் வாங்குங்கள். நல்ல ஜாயிண்ட் எல்லாப் பக்கமும் ஒரே மாதிரி இறுக்கமாக, வழுக்கிக்கொண்டு திரும்பும்.

நல்லது என்று தெரிந்தால் தண்டை எல்லாத் திசையிலும் சாய்த்துச் சாய்த்துப் பழைய கிரீஸை முழுக்கத் துடையுங்கள். பெட்ரோலோ கிளீனரோ உள்ளே ஊற்றாதீர்கள், அது குழிக்குள் தங்கிப் புது கிரீஸையும் கரைத்துவிடும். கவர் உட்காரும் பள்ளத்தை வயர் பிரஷ்ஷால் துரு போகத் தேயுங்கள், ஏனென்றால் அங்கே துரு இருந்தால் தண்ணீருக்கு வழி கிடைத்துவிடும்.

குண்டைச் சுற்றி கிரீஸை அழுத்தித் திணித்து, தண்டைச் சுழற்றி உள்ளே இறங்க விடுங்கள். கவருக்குள் பாதிக்குக் கொஞ்சம் மேலே வைத்தால் போதும். பிதுங்கப் பிதுங்க நிரப்பினால் ஜாயிண்ட் சாயும்போது கிரீஸுக்கு இடமில்லாமல் கவர் வாயைத் தள்ளிக்கொண்டு வெளியே வரும்.

கவரைத் தண்டின் வழியே இறக்கி, பெரிய வாயைப் பள்ளத்தில் உட்கார வைத்து, வளையத்தை மாட்டுங்கள். சில கவர்களில் இரும்பு வளையம் ரப்பருக்குள்ளேயே இருக்கும். அதற்குச் சரியான விட்டமுள்ள குழாயோ பெரிய சாக்கெட்டோ வைத்து, சுற்றிலும் சமமாக மெல்லத் தட்டி இறக்க வேண்டும். ஒரு பக்கமாக அடித்தால் கோணலாகி உட்காராது. பிறகு தண்டை நாலா பக்கமும் சாய்த்து, ரப்பர் எங்கும் முறுக்கிக்கொள்ளாமல் மடிகிறதா என்று பாருங்கள்.

திரும்ப மாட்டுதல்

தண்டின் கூம்பையும் அது நுழையும் குழியையும் எண்ணெய்ப் பிசுக்கே இல்லாமல் துடையுங்கள். கூம்பில் கிரீஸ் தடவுவது பலர் செய்யும் தவறு, அது உலர்ந்து கடித்துப் பிடித்தால்தான் உறுதி. நட்டை டார்க் ரென்சில், உங்கள் காரின் சர்வீஸ் புத்தகம் சொல்லும் நியூட்டன் மீட்டர் அளவுக்கு இறுக்குங்கள். டை ராடுக்கும் லோயர் ஜாயிண்டுக்கும் அளவு வேறு, ஒன்றை மற்றதற்குப் பயன்படுத்தாதீர்கள். அளவுக்கு இறுக்கிய பிறகு ஸ்பிளிட் பின் துளை நேராக வரவில்லை என்றால் நட்டின் அடுத்த வெட்டு நேராகும்வரை இன்னும் கொஞ்சம் இறுக்குங்கள், ஒருபோதும் தளர்த்தி நேராக்காதீர்கள். பழைய ஸ்பிளிட் பின்னை மறுபடி போட வேண்டாம், நைலான் லாக் நட்டும் அப்படியே.

சக்கரத்தை மாட்டி, நட்டுகளை எதிரெதிராக இறுக்கி, காரை இறக்கி, தரையில் வைத்து டார்க் ரென்சில் கடைசி இறுக்கு. ஸ்டியரிங்கை இரண்டு பக்கமும் முழுதாகத் திருப்பி, கவர் எதிலும் உரசவில்லை என்று ஒரு முறை டார்ச் அடித்துப் பாருங்கள். மெதுவாகக் கொஞ்ச தூரம் ஓட்டிப் பாருங்கள், பிரேக்கும் போட்டுப் பாருங்கள். 50 முதல் 100 கிலோமீட்டர் ஓடிய பிறகு வீல் நட்டுகளை மறுபடி சரிபார்த்து, கவரைச் சுற்றி ஒரு விரலை ஓட்டுங்கள். விரல் காய்ந்தே வந்தால் கவர் சரியாக உட்கார்ந்திருக்கிறது, கிரீஸ் ஒட்டினால் வளையத்தைக் கழற்றி மறுபடி மாட்டுங்கள்.