வீட்டுக் கடனின் முழு விலையைக் கணக்கிடுவது எப்படி: அக்கா மகனுக்குப் போட்டுக் காட்டிய கணக்கு

பெங்களூரில் அல்சூர் ஏரிப் பக்கம் வாடகைக்கு இருக்கும் என் அக்கா மகன் போன மாதம் ஒரு தாளோடு வீட்டுக்கு வந்தான். கே.ஆர்.புரம் தாண்டி, 75 லட்ச ரூபாய்க்கு இரண்டு படுக்கையறை ஃபிளாட் ஒன்றைப் பார்த்து வைத்திருக்கிறான். கையில் 15 லட்சம் இருக்கிறது. மீதி 60 லட்சம் கடன். தாளில் பெரிதாக ஒரே ஓர் எண்ணைச் சுற்றி வட்டம் போட்டிருந்தான்: 52,069.

"மாதத் தவணை இவ்வளவுதான் மாமா, தாங்கும்" என்றான்.

தாங்கும்தான், கணவன் மனைவி இருவரும் சம்பாதிக்கிறார்கள். வீட்டின் விலை எவ்வளவு என்று கேட்டேன். சற்றும் யோசிக்காமல் 75 லட்சம் என்றான். அன்று மாலை இருவரும் உட்கார்ந்து போட்ட கணக்கைத்தான் இங்கே எழுதுகிறேன். பெரிய கணித அறிவு தேவையில்லை. கால்குலேட்டர் போதும், எக்செல் தெரிந்தால் இன்னும் வசதி. வட்டி 8.5 சதவீதம், காலம் 20 ஆண்டு என்று வைத்துக்கொள்கிறேன். உங்களுக்குச் சொல்லப்பட்ட எண்களை அந்த இடங்களில் போட்டுக்கொள்ளுங்கள்.

படி 1: தவணையை மாதங்களால் பெருக்குங்கள்

52,069 × 240 = 1,24,96,560. இதில் வாங்கிய 60 லட்சத்தைக் கழித்தால் 64,96,560 ரூபாய் வட்டி. அதாவது வட்டி, அசலையே தாண்டிவிடுகிறது. கையில் இருந்து போட்ட 15 லட்சத்தையும் சேர்த்தால், அவன் சொன்ன 75 லட்ச வீட்டுக்கு ஏறத்தாழ 1 கோடியே 40 லட்சம் போகிறது.

இப்போது காலத்தை மட்டும் மாற்றிப் பாருங்கள். 30 ஆண்டு என்றால் தவணை 46,135 ஆகக் குறையும். மாதம் சுமார் 5,900 ரூபாய் மிச்சம். ஆனால் மொத்த வட்டி 1 கோடியே 6 லட்சம். மிச்சம் பிடித்த 5,900 ரூபாய்க்காக 41 லட்சம் கூடுதலாகக் கட்டுகிறோம். எதிர்த்திசையில், 15 ஆண்டு என்றால் தவணை 59,084. வட்டி 46 லட்சத்துச் சொச்சம். மாதம் 7,000 கூடக் கொடுத்தால் வட்டியில் 18 லட்சத்துக்கு மேல் குறைகிறது.

ஒரு நியாயமும் சொல்ல வேண்டும். இருபது ஆண்டு கழித்துக் கட்டும் 52,069 ரூபாய்க்கு இன்றைய மதிப்பு இருக்காது. விலைவாசி அதைத் தேய்த்திருக்கும். அதனால் ஒன்றேகால் கோடி என்ற எண்ணைக் கண்டு பதற வேண்டாம். மூன்று கால அளவுகளை ஒன்றோடொன்று ஒப்பிட மட்டும் அதைப் பயன்படுத்துங்கள்.

படி 2: முதல் மாதத் தவணையைப் பிளந்து பாருங்கள்

எக்செல்லில் நான்கு பத்திகள் போடுங்கள்: நிலுவை, வட்டி, அசல், மீதி. நிலுவையை 8.5 சதவீதத்தால் பெருக்கி 12 ஆல் வகுத்தால் அந்த மாத வட்டி. முதல் மாதம் அது 42,500 ரூபாய். தவணை 52,069 என்பதால் அசலுக்குப் போவது வெறும் 9,569. மீதி 59,90,431. அடுத்த மாதம் இந்த மீதிக்கு வட்டி போட்டால் 42,432, அசலுக்கு 9,637. இப்படியே 240 வரிசைகளுக்கு இழுத்துவிடுங்கள்.

அந்த அட்டவணையில் 60ஆம் வரிசையைப் பார்க்கச் சொன்னேன். ஐந்து ஆண்டில் 31 லட்சத்துக்கு மேல் கட்டியிருப்பான். ஆனால் கடன் 60 லட்சத்திலிருந்து சுமார் 52 லட்சத்து 88 ஆயிரத்துக்குத்தான் இறங்கியிருக்கும். அசலில் பாதி தீர்வது பத்தாம் ஆண்டில் என்று நினைத்திருந்தான். உண்மையில் 13 ஆண்டு 10 மாதம் ஆகிறது. யாரும் ஏமாற்றவில்லை, தவணைக் கணக்கின் இயல்பே இதுதான். நிலுவை பெரிதாக இருக்கும்வரை வட்டியும் பெரிதாகவே இருக்கும்.

கட்டி முடியாத ஃபிளாட் என்றால் இதில் இன்னொரு சிக்கல். கட்டுமானம் நடக்கும் காலத்தில், கொடுத்த தொகைக்கு வட்டியை மட்டும் வாங்கும் 'ப்ரீ இ.எம்.ஐ.' முறையில் அசல் ஒரு ரூபாய்கூடக் குறையாது. பில்டர் தாமதித்தால் வாடகையும் வட்டியும் சேர்ந்தே ஓடும்.

படி 3: வட்டி ஏறினால் என்ன ஆகும் என்று இப்போதே பாருங்கள்

இந்தப் படியில் நானே விழுந்தேன். அதனால் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன்.

2019 அக்டோபர் 1 முதல், வங்கிகள் புதிதாகக் கொடுக்கும் மாறும் வட்டி வீட்டுக் கடன்கள், ரெப்போ விகிதம் (வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி கொடுக்கும் குறுகிய காலக் கடனின் வட்டி) போன்ற வெளி அளவுகோலோடு இணைக்கப்பட வேண்டும் என்பது ரிசர்வ் வங்கியின் விதி. ரெப்போ 2020 மே மாதம் 4 சதவீதத்துக்கு இறங்கியது. 2022 மே முதல் 2023 பிப்ரவரிக்குள் 6.5 சதவீதத்துக்கு ஏறிவிட்டது. நான் கடன் வாங்கியது வட்டி அடிமட்டத்தில் இருந்தபோது. சுற்று எண்களில் சொன்னால்: 40 லட்சம், 7 சதவீதம், 20 ஆண்டு, தவணை 31,012.

வட்டி ஏறுகிறது என்று செய்தித்தாளில் படித்துக்கொண்டே இருந்தேன். என் தவணை மட்டும் ஏறவேயில்லை. நமக்கு ஏதோ யோகம் என்று நினைத்து, அலுவலகத்தில் பெருமையாகச் சொல்லிக்கொண்டதும் உண்டு. பிறகு ஒரு நாள் கணக்கு அறிக்கையைத் திறந்தேன்.

கணக்கு எளிதாக இருக்க, இரண்டு ஆண்டு 7 சதவீதத்தில் கட்டியபின் ஒரே அடியில் 9.5 ஆனதாக வைத்துக்கொள்ளுங்கள். இரண்டு ஆண்டு முடிவில் நிலுவை 38 லட்சத்து 3 ஆயிரம். அதற்கு 9.5 சதவீதத்தில் மாத வட்டி 30,105. தவணை 31,012. அசலுக்குப் போவது 907 ரூபாய்! தவணையைத் தொடாமல் காலத்தை நீட்டினால், மீதமிருந்த 216 மாதம் 448 மாதமாக மாறும். 18 ஆண்டு 37 ஆண்டாகிறது. எனக்கு 75 வயதாகும்வரை தவணை.

அதே நிலையில் 18 ஆண்டிலேயே முடிக்க வேண்டும் என்றால் தவணை 36,808 ஆக வேண்டும். மாதம் 5,800 கூடுதல். இரண்டு வழிகளிலும் இனிமேல் கட்ட வேண்டிய மொத்தத்தைப் பெருக்கிப் பாருங்கள்: நீட்டினால் 1 கோடியே 39 லட்சம், தவணையை ஏற்றினால் 79 லட்சத்து 50 ஆயிரம். வித்தியாசம் 59 லட்சம். மறுநாளே கிளைக்குப் போய் எழுதிக் கொடுத்துத் தவணையை ஏற்றினேன். அதற்கு ஒரு காகிதம், ஒரு கையெழுத்துதான் தேவைப்பட்டது.

இப்படிப் பலர் மாட்டிக்கொண்டதால்தான் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஓர் உத்தரவு போட்டது. வட்டி மாறும்போது தவணையும் காலமும் என்ன ஆகும் என்பதைக் கடன் கொடுத்தவர் தெரிவிக்க வேண்டும். தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா என்று தேர்ந்தெடுக்கும் வாய்ப்பைத் தர வேண்டும். காலாண்டுக்கு ஒரு முறை அறிக்கை தர வேண்டும். அறிக்கை வருகிறது. அதைப் படிப்பது நம் வேலை.

வட்டி இறங்கும்போதும் விழித்திருங்கள். 2025இல் ரெப்போ 6.5இலிருந்து 5.25க்கு இறங்கியது. ரெப்போவோடு இணைந்த வங்கிக் கடனில் இது தானாக வந்து சேரும். வீட்டுவசதி நிதி நிறுவனங்களுக்கு அந்த 2019 விதி பொருந்தாது. அங்கே கடன் வைத்திருப்பவர்கள், தங்கள் வட்டி இறங்கியதா என்று கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டும்.

உங்கள் எக்செல்லில் செய்ய வேண்டியது: வட்டியை 2 சதவீதம் ஏற்றித் தவணையைக் கணக்கிடுங்கள். 60 லட்சம், 20 ஆண்டு, 10.5 சதவீதம் என்றால் சுமார் 59,900. அதுவும் தாங்கினால்தான் கடன் தாங்கும்.

படி 4: கடனுக்கு வெளியே நிற்கும் செலவுகள்

கர்நாடகத்தில் 45 லட்சத்துக்கு மேற்பட்ட சொத்துக்கு முத்திரைத் தீர்வை 5 சதவீதம். அதன் மீது செஸ்ஸும் கூடுதல் வரியும் சேர்ந்து நகர்ப்புறத்தில் 5.6 ஆகிறது. பதிவுக் கட்டணம் 2025 ஆகஸ்ட் 31 முதல் 1 சதவீதத்திலிருந்து 2 சதவீதமாகிவிட்டது. மொத்தம் 7.6. எனவே 75 லட்சத்துக்கு 5 லட்சத்து 70 ஆயிரம்.

இங்கேதான் அக்கா மகன் முகம் மாறியது. 30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரையிலான கடனில், வீட்டு மதிப்பில் 80 சதவீதத்துக்கு மேல் கொடுக்கக் கூடாது என்பது ரிசர்வ் வங்கி விதி. அந்த மதிப்பில் முத்திரைத் தீர்வையும் பதிவுக் கட்டணமும் சேராது. அவனுடைய 15 லட்சம் முன்பணத்துக்கே சரியாகிவிட்டது. பதிவுக்கான ஐந்தே முக்கால் லட்சம் எங்கிருந்து வரும்? பலர் இந்த இடத்தில்தான் தனிநபர் கடன் வாங்குகிறார்கள், அதிக வட்டிக்கு.

கட்டி முடியாத ஃபிளாட்டுக்கு 5 சதவீத ஜி.எஸ்.டி. உண்டு (இந்த விலைக்கு 3 லட்சத்து 75 ஆயிரம்). குடியேற்றச் சான்றிதழ் வாங்கிவிட்ட வீட்டுக்கு அது கிடையாது. கத்தாவையும் (மாநகராட்சியின் சொத்துப் பதிவு) பாருங்கள், முறையான அனுமதிகளில் குறை உள்ள சொத்துக்குத் தரும் பி கத்தா என்றால் பல வங்கிகள் தயங்கும், கொடுப்பவர் அதிக வட்டி கேட்கலாம். பராமரிப்புக் கட்டணம் சதுர அடிக்கு 4 ரூபாய் என்றால், 1,150 சதுர அடிக்கு மாதம் 4,600. ஏற்றமே இல்லாமல் பார்த்தாலும் 20 ஆண்டில் 11 லட்சம். காவிரி நீர் இணைப்பு இல்லாத அடுக்ககம் என்றால் கோடையில் டேங்கர் தண்ணீருக்குத் தனியாக அழ வேண்டும்.

அடுத்தது, கடனோடு ஒட்டிக்கொண்டு வரும் காப்பீடு. "இதையும் கடனிலேயே சேர்த்துவிடலாம் சார்" என்பார்கள். 2 லட்ச ரூபாய் பிரீமியத்தைக் கடனில் சேர்த்தால் தவணை 1,736தான் ஏறும். ஆனால் 20 ஆண்டில் அந்த 2 லட்சத்துக்கு 4 லட்சத்து 16 ஆயிரம் கட்டியிருப்பீர்கள். கடன் வாங்குபவருக்கு ஆயுள் காப்பீடு தேவைதான், நான் எதிர்க்கவில்லை. ஆனால் கடன் கொடுப்பவர் காட்டும் பாலிசியையே எடுக்க வேண்டும் என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை. தனியாக டெர்ம் பாலிசி (இறந்தால் மட்டும் பணம் தரும் ஆயுள் காப்பீடு) எடுங்கள்.

இவற்றில் கடன் கொடுப்பவர் வசூலிக்கும் கட்டணங்களையெல்லாம் ஒரே இடத்தில் பார்க்க வழி உண்டு. 2024 அக்டோபர் முதல் 'முக்கிய விவர அறிக்கை' கொடுப்பது கட்டாயம். செயலாக்கக் கட்டணம், காப்பீடு எல்லாம் சேர்ந்த ஆண்டுச் செலவு விகிதம் அதில் இருக்கும். இரண்டு வங்கிகளை ஒப்பிடுவதென்றால் விளம்பர வட்டியை விட்டுவிட்டு அந்த விகிதத்தை ஒப்பிடுங்கள்.

படி 5: வாடகையோடு சரியான எண்ணை ஒப்பிடுங்கள்

"வாடகை கொடுத்தால் போய்விடும், தவணை கட்டினால் வீடு" என்று அக்கா சொல்வாள். பாதி சரி. தவணையில் அசல் நம் பணம், வட்டி போகிற பணம். ஆக வாடகையோடு ஒப்பிட வேண்டியது 42,500 வட்டி, 4,600 பராமரிப்பு, சொத்து வரி ஆகியவற்றின் கூட்டுத்தொகை. அதே அடுக்ககத்தில் அதே அளவு வீடு 24,000 வாடகைக்குக் கிடைக்கிறது. ஆரம்ப ஆண்டுகளில் சொந்த வீட்டுக்கு மாதம் 23,000 கூடுதலாகக் கொடுக்கிறோம். வாடகை ஏறிக்கொண்டே போகும், வட்டிப் பங்கு குறைந்துகொண்டே வரும், வீட்டு விலையும் ஏறலாம். இதற்கு மேல், வீட்டுக்காரர் காலி செய்யச் சொல்லமாட்டார் என்ற நிம்மதிக்கு ஒரு விலை உண்டு. அதை அவரவர்தான் போட்டுக்கொள்ள வேண்டும்.

வரிச் சலுகையை நம்பிக் கணக்குப் போடாதீர்கள். பழைய வரி முறையில், குடியிருக்கும் வீட்டுக்கு ஆண்டுக்கு 2 லட்சம் வரைதான் வட்டியைக் கழிக்கலாம். அவனுக்கு முதல் ஆண்டு வட்டியே 5 லட்சம். புதிய முறையில் குடியிருக்கும் வீட்டுக்கு அந்தக் கழிவே கிடையாது. அவன் இருப்பது புதிய முறையில்.

படி 6: கையில் பணம் வரும்போது

மாறும் வட்டியில் வாங்கிய தனிநபரின் வீட்டுக் கடனை முன்கூட்டியே அடைத்தால் அபராதம் கிடையாது. ஆனால் எப்போது அடைக்கிறோம் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. இந்த 60 லட்சக் கடனில், முதல் ஆண்டு முடிவில் ஒரு லட்சம் கூடுதலாகக் கட்டினால் கடைசியில் சுமார் 3 லட்சத்து 85 ஆயிரம் வட்டி மிச்சம். அதே ஒரு லட்சத்தைப் பதினைந்தாம் ஆண்டு முடிவில் கட்டினால் 52 ஆயிரம்தான் மிச்சம்.

ஆண்டுக்கு ஒரு தவணை கூடுதலாக, போனஸ் வரும்போது, கட்டி வந்தால் சுமார் 40 மாதம் முன்பே முடியும். 12 லட்சத்துக்கு மேல் வட்டி குறையும். கட்டும்போது 'தவணை அப்படியே இருக்கட்டும், காலத்தைக் குறையுங்கள்' என்று எழுத்தில் கேளுங்கள். ஆறு மாதச் செலவுக்கான பணத்தை மட்டும் தொடாதீர்கள். அதையும் அடைத்துவிட்டு, வேலை போனபோது கிரெடிட் கார்டில் வாழ்ந்தவரை எனக்குத் தெரியும்.

படி 7: கடன் முடியும் நாளுக்கு, வாங்கும் நாளிலேயே தயாராகுங்கள்

கடன் முழுவதும் தீர்ந்த 30 நாளுக்குள், கடன் கொடுத்தவர்கள் வீட்டின் மூலப் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும். தாமதம் அவர்கள் பக்கம் என்றால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு. இது 2023 டிசம்பர் 1 முதல் நடைமுறையில் இருக்கிறது. எந்தெந்தப் பத்திரங்களை ஒப்படைத்தீர்கள் என்ற பட்டியலை, முத்திரையும் கையெழுத்துமாக, ஒப்படைக்கும் அன்றே வாங்கி வையுங்கள். கடைசியில், வில்லங்கச் சான்றிதழில் அடமானம் நீக்கப்பட்டதா என்று பார்த்துவிடுங்கள்.

அக்கா மகன் ஃபிளாட்டை விட்டுவிடவில்லை. பதிவுச் செலவு சேரும்வரை எட்டு மாதம் தள்ளி வைத்திருக்கிறான். போன வாரம் எக்செல் கோப்பை அனுப்பினான்: 17 ஆண்டு, 10.5 சதவீதத்துக்கு ஒரு பக்கம், காப்பீட்டு வரிசையில் பூஜ்ஜியம். பராமரிப்புக் கட்டணத்தை மட்டும் மறந்துவிட்டான். சிவப்பில் குறித்துத் திருப்பி அனுப்பியிருக்கிறேன்.