இசாவோ தகாஹாதாவின் படங்களை எந்த வரிசையில் பார்ப்பது?

ஜப்பானிய அனிமேஷன் இயக்குநர் இசாவோ தகாஹாதா பெரும்பாலும் 'கிரேவ் ஆஃப் தி ஃபயர்ஃப்ளைஸ்' (1988) என்ற போர்க்காலப் படம் வழியாகவே அறிமுகமாகிறார். அதன் துயரம் தாங்காமல் அத்தோடு நிறுத்திவிடுபவர்களும் உண்டு. அவரை முழுமையாக அறிய விரும்புபவர் 1991-இல் வெளிவந்த 'ஒன்லி யெஸ்டர்டே'யில் தொடங்குவது நல்லது.

தகாஹாதா ஓவியர் அல்லர். 1935-இல் பிறந்து, டோக்கியோ பல்கலைக்கழகத்தில் பிரெஞ்சு இலக்கியம் பயின்று, 1959-இல் தோயெய் அனிமேஷன் நிறுவனத்தில் சேர்ந்தவர். ஆகவே அவருடைய முத்திரையைக் கோடுகளில் தேடாமல், பாத்திரங்கள் உண்பதிலும் நடப்பதிலும் தயங்கி நிற்பதிலும் தேட வேண்டும்.

'ஒன்லி யெஸ்டர்டே'யின் அன்னாசிப்பழக் காட்சியை இரண்டு முறை பாருங்கள். இரண்டாம் முறை ஒலியை நிறுத்திவிடுங்கள். 1966-இல் ஒரு டோக்கியோக் குடும்பம் முழு அன்னாசிப்பழம் ஒன்றை வாங்கி, எப்படி அரிவது என்று தெரியாமல் வைத்திருந்து, பின்னர் ஆளுக்கொரு துண்டைக் கடிக்கிறது. எதிர்பார்த்த இனிப்பு இல்லை. மற்றவர்கள் துண்டை வைத்துவிட, பத்து வயது தாயெகோ மட்டும் விடாமல் மென்று விழுங்குகிறாள். அந்த மெல்லும் வேகத்திலேயே ஏமாற்றமும் பிடிவாதமும் தெரிந்துவிடுகின்றன. வளர்ந்த தாயெகோவின் காட்சிகளுக்கு முதலில் குரலைப் பதிவுசெய்து, அதன் பிறகே படம் வரைந்தார்கள். அவள் சிரிக்கும்போது கன்னத்தில் விழும் கோடுகளைக் கவனியுங்கள்.

அடுத்து 'ஹைடி' (1974) என்ற தொலைக்காட்சித் தொடர். 52 பகுதிகளையும் பார்க்க நேரமில்லையென்றால் முதல் பத்துப் பகுதிகள் போதும். இதற்காகப் படக்குழுவினர் சுவிட்சர்லாந்துக்கே சென்று இடங்களைப் பார்த்து வந்தார்கள். தாத்தா நெருப்பில் பாலாடைக்கட்டியை உருக்கி ரொட்டியில் தடவித் தரும் காட்சி, அத்தகைய உழைப்பு எதற்கென்று காட்டிவிடும். காட்சிச் சட்டகங்களை வரைந்தவர், பின்னாளில் புகழ்பெற்ற இயக்குநரான ஹயாவோ மியாசாகி.

அதன் பிறகு முதல் படமான 'ஹோரஸ்'. 1965-இல் தொடங்கி 1968-இல்தான் வெளிவந்து, வசூலில் தோற்றது. 1971-இல் தகாஹாதா தோயெயை விட்டு விலகினார்.

இப்போது 'கிரேவ் ஆஃப் தி ஃபயர்ஃப்ளைஸ்' பார்க்கலாம். 1945 ஜூன் 29 அன்று ஒகயாமா நகரம் குண்டுவீச்சில் எரிந்தபோது, ஒன்பது வயது தகாஹாதா தம் சகோதரியுடன் தப்பி ஓடினார் என்பதை முன்பே அறிந்துகொள்ளுங்கள். படத்தில் தீக்குண்டுகள் விழும் விதம் அந்த நினைவிலிருந்து வருவது. இதைப் பார்க்கும் நாளில் வேறு படம் எதுவும் வேண்டாம். இந்தப் படம் முதலில் திரைக்கு வந்தபோது, குழந்தைகள் மகிழ்ந்து பார்க்கும் மியாசாகியின் 'டோட்டோரோ'வோடு ஒரே டிக்கெட்டில் காட்டப்பட்டது என்பது இன்றும் எனக்கு வியப்பளிக்கிறது.

கடைசியாக, எட்டு ஆண்டுகள் உழைத்து 2013-இல் வெளியிட்ட 'காகுயா'. இளவரசி காகுயா மாளிகையை விட்டு ஓடும் இடத்தில் படத்தை நிறுத்தி நிறுத்திப் பாருங்கள். அதுவரை மென்மையாக இருந்த கோடுகள் கரித்துண்டால் கிறுக்கியதுபோல் முரடாகி, ஆடைகள் ஒவ்வொன்றாகக் கழன்று விழ, முகமே அடையாளம் தெரியாத அளவுக்குச் சிதைகிறது.