பாட்டுக்கு ஆடும் செடியா? ஒருமுறை பாட்டை நிறுத்திப் பாருங்கள்

செடிக்குப் பாட்டுப் போடும் பழக்கத்துக்குத் தமிழ்நாட்டில் பழைய வேர் உண்டு. அண்ணாமலைப் பல்கலைக்கழகத் தாவரவியல் துறையில் இருந்த டி.சி.என். சிங், வேலம்பாசி என்ற நீர்ச்செடியின் இலையை நுண்ணோக்கிக்கு அடியில் வைத்து, பக்கத்தில் இசைக்கவையை அதிரவிட்டார். செல்லுக்குள் ஓடும் திரவம் வேகமெடுத்ததாகச் சொன்னார். பிறகு அவர் கர்நாடக இசையையும் சோதித்தார். செடி ஒலியை உணர்வது பொய்யில்லை. ஆனால் அதற்கு ராகம் தெரியாது, அதிர்வு மட்டும்தான் தெரியும். செடிக்கு ஒலி கேட்கவிட்டு 'ஒலித்தோட்டம்' போடுகிறவர்கள் சறுக்குவதெல்லாம் இந்த இடத்தில்தான்.

முதல் சறுக்கல் தொழுகண்ணி என்ற செடி. பெரிய இலையின் காம்பருகே இரண்டு குட்டி இலைகள் இருக்கும். வெயிலும் வெதுவெதுப்பும் இருந்தால் அவை சில நிமிடங்களுக்கு ஒரு சுற்று என்று தாமாகவே சுழலும். பாட்டை ஓடவிட்டு இதைப் படம் பிடித்தால் நாட்டியம் போலத்தான் தெரியும். பாட்டை நிறுத்திவிட்டு அதே இலையைப் பத்து நிமிடம் பாருங்கள், அப்போதும் சுழலும்.

அடுத்தது வீட்டுச் சோதனை. ஒரு தொட்டிக்குப் பாட்டு, ஒரு தொட்டிக்கு மௌனம் என்று வைத்தால் எதுவும் நிரூபணமாகாது, ஒரு விதை சொத்தையாக இருந்தாலே முடிவு மாறிவிடும். ஒரே பாக்கெட் பச்சைப்பயறில் பாட்டுப் பக்கம், மௌனப் பக்கம் ஒவ்வொன்றுக்கும் பன்னிரண்டு கப்பாவது வையுங்கள். ஒவ்வொரு கப்புக்கும் ஒரே அளவு மண், 30 மில்லி தண்ணீர். மௌனப் பக்கத்திலும் ஒரு ஸ்பீக்கர் ஆனில் இருக்கட்டும், ஒலி மட்டும் வேண்டாம். ஸ்பீக்கரின் சூடும் நிழலும் கூட வளர்ச்சியை மாற்றும். இரண்டு நாளைக்கு ஒருமுறை கப்புகளை இடம் மாற்றுங்கள். பத்தாம் நாள் உயரம் அளப்பவருக்கு எது எந்தப் பக்கம் என்று தெரியக்கூடாது. தெரிந்தால் ஸ்கேல் தானாகவே அரை சென்டிமீட்டர் சாயும்!

தொட்டியை ஸ்பீக்கர் மேலேயே ஏற்றி வைக்காதீர்கள். அங்கே மண்ணும் தண்டும் குலுங்குகின்றன. தொட்டும் ஆட்டியும் வளர்க்கும் செடி பொதுவாகக் குட்டையாகவும் தடித்தும் போகும். அதைப் பார்த்து 'இந்தப் பாட்டு செடிக்குப் பிடிக்கவில்லை' என்று முடிவு கட்டுவது வேடிக்கை.

இலையில் இரண்டு மின்முனை ஒட்டி 'செடி பாடுகிறது' என்று காட்டும் கருவிகளும் விற்பனைக்கு வருகின்றன. அவை அளப்பது இலை மின்சாரத்தைக் கடத்தும் அளவின் ஏற்ற இறக்கத்தை. சுரமும் வாத்தியமும் மென்பொருளின் கைவேலை.

எந்த ஒலி என்பதோடு எந்த உறுப்பு என்பதும் முக்கியம். 2019இல் டெல் அவிவ் ஆய்வாளர்கள் கடற்கரையில் வளரும் ஓர் அந்திப்பூச் செடிக்குத் தேனீ பறக்கும் ஒலியைக் கேட்கவிட்டபோது, மூன்று நிமிடத்துக்குள் பூந்தேனில் சர்க்கரைச் செறிவு கூடியது. உயர் அதிர்வெண் ஒலிக்கு அப்படி நடக்கவில்லை. அதிர்ந்தது பூவிதழ்தான். பூவே இல்லாத மணிபிளான்டுக்கு முன்னால் தேனீ ஒலியை ஓடவிட்டு அதே விளைவை எதிர்பார்ப்பதில் அர்த்தமில்லை.

ஒலியால் நிஜமாகவே பலன் வேண்டுமென்றால் கத்தரிக்கு வாருங்கள். அதன் மகரந்தப் பை நுனியில் சின்னத் துளைதான் இருக்கும், உலுக்கினால்தான் தூள் கொட்டும். கருவண்டு பூவைக் கட்டிப்பிடித்துக்கொண்டு 'ங்ங்' என்று சுருதி ஏற்றுவது இதற்காகத்தான். நம் தேனீக்களுக்கு இந்த வித்தை வராது. வண்டு வராத மாடியில் எலக்ட்ரிக் டூத்பிரஷ் போதும். காலை ஒன்பதிலிருந்து பதினொன்றுக்குள், பூ நன்றாக விரிந்து பனி காய்ந்தபின், பிரஷின் முதுகைப் பூக்காம்பில் இரண்டு மூன்று விநாடி தொட்டு எடுங்கள். இதழில் வைத்தால் கிழியும். கீழே ஒரு கறுப்புத் தாளைப் பிடித்தால் மஞ்சள் தூள் விழுவது தெரியும். விழவில்லை என்றால் பூ இன்னும் முற்றவில்லை, அல்லது ஈரமாக இருக்கிறது. மறுநாள் காலையில் திரும்ப முயலுங்கள்.

தூள் கொட்டியும் காய் பிடிக்கவில்லையா? பூவின் நடுவே பாருங்கள். பச்சைச் சூல்முடி மஞ்சள் பைகளுக்கு வெளியே நீட்டிக்கொண்டிருந்தால் அது காய்க்கும் பூ. உள்ளேயே குட்டையாக ஒளிந்திருந்தால், பிரஷை எத்தனை முறை வைத்தாலும் அந்தப் பூ பெரும்பாலும் உதிரத்தான் செய்யும். அதை விட்டுவிட்டு அடுத்த பூவுக்குப் போங்கள்.