பாண்டுங் மாநாடு: குறிப்பெடுக்கும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

"1955இல் பாண்டுங்கில் நேரு, நாசர், சுகர்ணோ, டிட்டோ, என்க்ருமா ஐவரும் கூடி அணிசேரா இயக்கத்தைத் தொடங்கினார்கள்." போட்டித் தேர்வுக் குறிப்புகளிலும் வாட்ஸ்அப் பகிர்வுகளிலும் இதுபோன்ற வரி அடிக்கடி கண்ணில் படும். இந்த ஒரு வரிக்குள் மூன்று தவறுகள் இருக்கின்றன. யூகோஸ்லாவியத் தலைவர் டிட்டோ இந்தோனேசியாவின் பாண்டுங் நகருக்கு வரவில்லை. அது ஆசிய, ஆப்பிரிக்க நாடுகளின் மாநாடு. யூகோஸ்லாவியாவுக்கு அங்கே இடமே கிடையாது. கானாவின் தலைவர் என்க்ருமாவும் வரவில்லை. கானா அப்போது கோல்டு கோஸ்ட் என்ற பிரிட்டிஷ் காலனி. 1957 மார்ச் 6 அன்றுதான் விடுதலை பெற்றது. அதன் சார்பில் வந்தவர் அமைச்சர் கோஜோ போட்சியோ. மூன்றாவது தவறு, அமெரிக்க, சோவியத் அணிகள் இரண்டிலும் சேராத நாடுகளின் இந்த இயக்கம் அங்கே தொடங்கியது என்பது; அதன் முதல் உச்சிமாநாடு 1961இல், யூகோஸ்லாவியத் தலைநகர் பெல்கிரேடில்தான் நடந்தது.

இந்தக் குழப்பத்துக்கு ஒரு புகைப்படமும் துணைபோகிறது. ஐந்து தலைவர்களும் வரிசையாக நிற்கும் அந்தப் படத்தை 'பாண்டுங், 1955' என்ற குறிப்போடு பலர் போடுகிறார்கள். அது எடுக்கப்பட்டது 1960 செப்டம்பரில், நியூயார்க்கில். ஐ.நா. பொதுச்சபையின் 15ஆவது கூட்டத்தொடருக்கு வந்திருந்த தலைவர்கள் யூகோஸ்லாவியத் தூதுக்குழுவின் அலுவலகத்தில் சந்தித்தபோது எடுத்த படம். படத்தில் டிட்டோ இருந்தால் அது பாண்டுங் இல்லை. இந்த ஒரு சோதனை போதும்.

தேதிகளைப் பிரித்து எழுதிக்கொள்ளுங்கள். பாண்டுங்: 1955 ஏப்ரல் 18 முதல் 24 வரை. யூகோஸ்லாவியாவின் பிரியோனித் தீவில் டிட்டோ, நேரு, எகிப்தின் நாசர் சந்திப்பு: 1956 ஜூலை. அணிசேரா நாடுகளின் முதல் உச்சிமாநாடு: பெல்கிரேடு, 1961 செப்டம்பர் 1 முதல் 6 வரை; முழு உறுப்பினர்களாக 25 நாடுகள். பாண்டுங்குக்கும் பெல்கிரேடுக்கும் இடையே ஆறு ஆண்டு இடைவெளி.

யார் வந்தார்கள் என்ற பட்டியலைப் பார்க்காமல் பாண்டுங்கைப் பற்றி எழுதுவதுதான் பெரிய தவறு என்பேன். மற்ற பிழைகளில் பாதி அதிலிருந்துதான் கிளைக்கின்றன. மாநாட்டைக் கூட்டிய நாடுகள் ஐந்து: இந்தோனேசியா, இந்தியா, பாகிஸ்தான், பர்மா, சிலோன். இவை 25 நாடுகளுக்கு அழைப்பு அனுப்பின. மத்திய ஆப்பிரிக்கக் கூட்டாட்சி மட்டும் வர மறுத்தது. ஆக மொத்தம் 29. அதில் ஆப்பிரிக்க நாடுகள் ஆறே ஆறு: எகிப்து, எத்தியோப்பியா, லைபீரியா, லிபியா, சூடான், கோல்டு கோஸ்ட். இஸ்ரேல், தைவான், தென்னாப்பிரிக்கா, இரு கொரியாக்கள் ஆகியவற்றுக்கு அழைப்பு இல்லை. இரு வியட்நாம்களும் வந்திருந்தன.

இப்போது அந்தப் பட்டியலில் யார் எந்த அணி என்று பாருங்கள். துருக்கி 1952 முதல் அமெரிக்கா தலைமையிலான நேட்டோ ராணுவக் கூட்டணியின் உறுப்பினர். பாகிஸ்தான், தாய்லாந்து, பிலிப்பைன்ஸ் மூன்றும் 1954 செப்டம்பரில் மணிலாவில் சீட்டோ எனும் தென்கிழக்கு ஆசியப் பாதுகாப்பு ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டவை. ஈராக்கும் துருக்கியும் 1955 பிப்ரவரியில்தான் பாக்தாத் ஒப்பந்தம் என்ற மேற்குச் சார்புப் பாதுகாப்பு ஒப்பந்தத்தைச் செய்திருந்தன. ஜப்பானுக்கு அமெரிக்காவோடு பாதுகாப்பு ஒப்பந்தம். மறுபக்கம், சோவியத்தோடு 1950இலேயே உடன்படிக்கை செய்துகொண்ட சீனா. அழைத்த நாடுகளில் ஒன்றான சிலோனில்கூட திருகோணமலையிலும் கட்டுநாயக்காவிலும் பிரிட்டிஷ் தளங்கள் இருந்தன. 1957இல் பண்டாரநாயக்கா ஆட்சியில்தான் அவை கைமாறின. இவ்வளவு பேரும் உட்கார்ந்திருந்த மண்டபத்தை அணிசேராதவர்களின் கூட்டம் என்று எப்படிச் சொல்வது?

இந்தக் கலவை இறுதி அறிக்கையிலேயே தெரிகிறது. பஞ்சசீலம் என்பது இந்தியாவும் சீனாவும் 1954இல் ஏற்ற ஐந்து கோட்பாடுகள். பாண்டுங்கின் பத்துக் கோட்பாடுகளை 'பஞ்சசீலத்தின் விரிவாக்கம்' என்று எழுதிவிட்டுப் போவது வழக்கம். ஐந்தாவது கோட்பாட்டைப் படித்துப் பாருங்கள். ஒவ்வொரு நாடும் ஐ.நா. சாசனத்துக்கு உட்பட்டுத் தனியாகவோ கூட்டாகவோ தன்னைத் தற்காத்துக்கொள்ளும் உரிமையை அது ஏற்கிறது. 'கூட்டாக' என்பது நேட்டோ, சீட்டோ நாடுகள் தங்கள் ஒப்பந்தங்களுக்குக் கேட்டு வாங்கிய இடம். அதற்கு ஈடாக ஆறாவதில், கூட்டுப் பாதுகாப்பு ஏற்பாடுகளை வல்லரசுகளின் தனி நலனுக்குப் பயன்படுத்தக் கூடாது என்ற வரி வந்தது. 'அமைதியான சகவாழ்வு' கம்யூனிஸ்டுகளின் சொல்லாடல் என்று சிலர் முரண்டு பிடித்ததால், நல்ல அண்டை வீட்டாராக அமைதியுடன் சேர்ந்து வாழ்வது என்ற ஐ.நா. சாசன வாசகத்தைப் போட்டார்கள்.

காலனியாதிக்கம் பற்றிய வரிக்கும் இப்படி ஒரு பின்னணி உண்டு. சிலோன் பிரதமர் சர் ஜான் கொத்தலாவல, கிழக்கு ஐரோப்பாவில் சோவியத் ஆதிக்கமும் காலனியாதிக்கம்தானே என்று ஒரு குண்டைத் தூக்கிப் போட்டார். நேருவுக்கும் சீனப் பிரதமர் சூ என்லாய்க்கும் அது பிடிக்கவில்லை. பேரம் பேசிக் கடைசியில் 'எல்லா வெளிப்பாடுகளிலும் காலனியாதிக்கம் ஒரு தீமை' என்று முடித்தார்கள். மேற்கத்திய ஆதரவாளர்கள் அதில் மாஸ்கோவைப் படித்துக்கொள்ளலாம், மற்றவர்கள் லண்டனையும் பாரிஸையும் படித்துக்கொள்ளலாம். ராஜதந்திர அறிக்கையில் வழவழப்பான ஒரு வரியைக் கண்டால், அதன் பின்னால் யார் யாருக்குச் சண்டை நடந்தது என்று தேடுங்கள்.

அடுத்து பஞ்சசீலம். நேருவும் சூ என்லாயும் கையெழுத்திட்ட நட்புறவு ஒப்பந்தம் என்று எழுதுகிறார்கள். 1954 ஏப்ரல் 29 அன்று பீகிங்கில் கையெழுத்திட்டவர்கள் இந்தியத் தூதர் என். ராகவனும் சீனத் துணை வெளியுறவு அமைச்சர் சாங் ஹான்ஃபுவும். அன்று நேரு இருந்தது கொழும்பில், ஐந்து பிரதமர்கள் மாநாட்டில். நேரு, சூ என்லாய் கூட்டறிக்கை ஜூன் 28 அன்று டெல்லியில் வந்தது. அது வேறு ஆவணம்.

ஏப்ரல் ஒப்பந்தம் திபெத்துக்கும் இந்தியாவுக்கும் இடையிலான வணிகம், போக்குவரத்து பற்றியது. ஐந்து கோட்பாடுகள் அதன் முகவுரையில் வருகின்றன. உள்ளே இருப்பவை நடைமுறை விஷயங்கள்: இந்தியாவுக்கு யாதுங், கியாண்ட்சே, கார்டோக்கில் வணிக முகமைகள்; சீனாவுக்கு டெல்லி, கல்கத்தா, காலிம்போங்கில்; வணிகர்களும் யாத்திரிகர்களும் போய்வர ஷிப்கி லா முதல் லிபு லேக் வரை ஆறு கணவாய்கள். கூடவே பரிமாறிய கடிதங்களில், யாதுங்கிலும் கியாண்ட்சேயிலும் இருந்த இந்தியக் காவல் படையை ஆறு மாதத்துக்குள் விலக்கிக்கொள்வதாகவும், தபால், தந்தி, தொலைபேசி வசதிகளையும் 12 ஓய்வு விடுதிகளையும் ஒப்படைப்பதாகவும் இந்தியா ஒப்புக்கொண்டது. எல்லை எங்கே ஓடுகிறது என்று ஒப்பந்தம் எங்கும் சொல்லவில்லை. கணவாய்களின் பெயரைச் சொன்னதே எல்லையை ஏற்றதாகும் என்று இந்தியா பின்னர் வாதிட்டது. சீனா அதை ஏற்கவில்லை.

ஆயுட்காலத்தையும் கவனியுங்கள். எட்டு ஆண்டுகள் என்று ஒப்பந்தமே சொல்கிறது. 1954 ஜூனில் நடைமுறைக்கு வந்தது, 1962 ஜூனில் புதுப்பிக்கப்படாமல் காலாவதியானது. இந்திய, சீனப் போர் தொடங்கியது அந்த ஆண்டு அக்டோபர் 20. ஆகவே 'நடப்பில் இருந்த பஞ்சசீல ஒப்பந்தத்தை மீறிச் சீனா தாக்கியது' என்ற வாக்கியம் நிற்காது. கோட்பாடுகளை மீறியது என்று தாராளமாக எழுதலாம்.

பதவிகளில் சின்னச் சறுக்கல்கள் நிறைய. பாண்டுங்கில் நாசர் எகிப்தின் பிரதமர். குடியரசுத் தலைவரானது 1956இல். மாநாட்டைத் தொடங்கி வைத்தவர் சுகர்ணோ என்றாலும் தலைமை வகித்தவர் இந்தோனேசியப் பிரதமர் அலி சாஸ்ட்ரோஅமிஜோயோ. பாகிஸ்தானின் முகமது அலியை ஜின்னாவோடு குழப்பாதீர்கள்; இவர் போக்ரா, ஜின்னா 1948இலேயே காலமாகிவிட்டார்.

தமிழில் எழுதுபவர்கள் அதிகம் தடுக்கி விழும் இடம் 'கொழும்பு'. கொழும்புத் திட்டம், 1950இல் காமன்வெல்த் வெளியுறவு அமைச்சர்கள் கூடிப் பேசிய பொருளாதார உதவித் திட்டம். கொழும்பு மாநாடு, 1954 ஏப்ரல் 28 முதல் மே 2 வரை ஐந்து பிரதமர்கள் கூடியது. பாண்டுங்குக்கான யோசனையை இந்தோனேசியா முன்வைத்தது இங்கேதான். கொழும்பு யோசனைகள், 1962 டிசம்பரில் இந்திய, சீனப் போருக்குப் பின் சிறிமாவோ பண்டாரநாயக்கா கூட்டிய ஆறு நாடுகளின் சமரச முன்மொழிவு. சிலோனோடு பர்மா, கம்போடியா, இந்தோனேசியா, கானா, ஐக்கிய அரபுக் குடியரசு (எகிப்து). அணிசேரா உச்சிமாநாடு கொழும்பில் நடந்தது 1976இல். 'கொழும்பு' என்று எழுதும் இடத்திலெல்லாம் ஆண்டையும் சேர்த்தே எழுதுங்கள்.